எய்லன் டோனன் கோட்டை

எய்லன் டோனன் கோட்டை, ஸ்காட்லாந்தின் மேற்கு மலைநாட்டில் டோர்னி என்னும் சிற்றூரை ஒட்டிய சிறு தீவில் அமைந்த குலக்கோட்டை. 13ஆம் நூற்றாண்டில் எழுந்த இக்கோட்டை மெக்கன்சி குலத்துக்கு உரியதாகவும் மக்ரே குலத்தின் காவலிலும் இருந்தது. 1719இல் பிரித்தானியக் கடற்படை இதைத் தகர்த்தது. ஏறத்தாழ 200 ஆண்டுகள் இடிபாடாகக் கிடந்து, 1932இல் மீண்டும் முழுக் கோட்டையாக நின்றது. நாட்காட்டிகளிலும் பிஸ்கட் டப்பாக்களிலும் இடைக்கால ஸ்காட்லாந்தின் அடையாளமாக அச்சாகும் இக்கட்டடத்தில் இன்று கண்ணுக்குத் தெரிவதில் பெரும்பகுதி 20ஆம் நூற்றாண்டின் கொத்துவேலை.

அமைவிடமும் பெயரும்

நிலத்துக்குள் நீண்டு புகும் கடற்கிளையை ஸ்காட்லாந்தில் 'லாக்' என்பர். லாக் டூயிச், லாக் லாங், லாக் ஆல்ஷ் ஆகிய மூன்றும் கூடும் இடத்தில் இத்தீவு இருக்கிறது. சாலைகள் இல்லாத காலத்தில் இப்பகுதியின் போக்குவரத்து படகுகளில்தான் நடந்தது. மூன்று நீர்வழிகளிலும் யார் வந்தாலும் தீவில் இருப்பவர் கண்ணில் படாமல் கடக்க முடியாது.

கேலிக் மொழியில் 'எய்லன்' என்றால் தீவு. டோனன், 617இல் எய்க் தீவில் கொல்லப்பட்டதாகக் கூறப்படும் கிறித்தவத் துறவி. கடும் தீயில் உருகிக் கண்ணாடிபோல் இறுகிய கற்கள் இங்குக் கிடைத்துள்ளன. கல் கோட்டைக்கு முன்பே ஓர் அரண் இருந்ததற்கு அவை சான்று.

இடைக்காலக் கோட்டை

13ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மேற்குத் தீவுகள் நார்வே அரசின் ஆளுகையில் இருந்தன. கடல்வழித் தாக்குதலைத் தடுக்க, இரண்டாம் அலெக்சாண்டரின் ஆட்சியில் (1214–1249) முதல் கோட்டை எழுந்தது. அதன் மதில் தீவின் பெரும்பகுதியை வளைத்து நின்றது. 1266ஆம் ஆண்டின் பெர்த் உடன்படிக்கையால் மேற்குத் தீவுகள் ஸ்காட்லாந்து வசமானதும் வடக்கிலிருந்து வந்த அச்சம் நீங்கியது. பின்னாளில் கோட்டை சுருங்கி, முதல் பரப்பில் ஐந்தில் ஒரு பங்கு அளவே எஞ்சியது. நீண்ட மதிலுக்குக் காவலர் பலர் வேண்டும்; குறுகிய மதிலைச் சிலரே காத்துவிடலாம் என்பது இதற்குக் காரணமாகக் கருதப்படுகிறது. 16ஆம் நூற்றாண்டில், பீரங்கிகளை நிறுத்துவதற்காகக் கிழக்குப் பக்கத்தில் புற அரண் ஒன்று சேர்க்கப்பட்டது.

மெக்கன்சியரும் மக்ரேயரும்

மலைநாட்டில் குலம் என்பது ஒரே பெயரும் ஒரு தலைவனும் கொண்ட உறவுக்கூட்டம். நிலமும் போரும் அதன் வழியாகவே நடந்தன. கோட்டை மெக்கன்சியருடையது. அவர்களுக்கு மெய்க்காவலாக நின்ற மக்ரேயரை 'மெக்கன்சியின் இரும்புக் கவசம்' என்று அழைத்தனர். 16ஆம் நூற்றாண்டிலிருந்து கோட்டைக் காவல் தலைமையும் மக்ரேயரிடம் வந்தது.

1331இல் அரசப் பிரதிநிதியான மோரே பிரபு ராண்டல்ஃப், குற்றம் புரிந்தவர்கள் என 50 பேரைக் கொன்று, அவர்களின் தலைகளை இம்மதில்மேல் வைத்தார். 1539இல், காவலர் மிகச் சிலரே இருந்த நேரம் பார்த்து, ஸ்லீட் பகுதியின் டொனால்ட் கோர்ம் மெக்டொனால்ட் படகுகளில் வந்து தாக்கினார். டங்கன் மக்ரே தம்மிடம் எஞ்சியிருந்த கடைசி அம்பை எய்தார். காலில் தைத்த அதை டொனால்ட் பிடுங்கியபோது இரத்தக்குழாய் அறுந்து இறந்தார் என்பது குல மரபில் வழங்கும் வரலாறு.

மெக்கன்சித் தலைவர்கள் பின்னாளில் சீஃபோர்த் பிரபுக்களாயினர். அவர்கள் ஆண்ட லூயிஸ் தீவின் ஸ்டோர்னோவே நகரில் பிறந்தவர்தான், தென்னிந்தியச் சுவடிகளைத் திரட்டிய காலின் மெக்கன்சி.

1719: தகர்ப்பு

பதவி இழந்த ஸ்டூவர்ட் அரச மரபை மீண்டும் அரியணையில் அமர்த்தப் போராடியவர்கள் யாக்கோபியர். அவர்களுக்குத் துணையாக 1719இல் ஸ்பெயின் அனுப்பிய பெரிய கப்பற்படை புயலில் சிதறியது. ஏறத்தாழ 300 வீரர்கள் மட்டும் ஸ்காட்லாந்து வந்து சேர்ந்தனர். அவர்களில் 46 பேர் எய்லன் டோனனில் வெடிமருந்தைக் காத்து நிற்க, மற்றவர்கள் உள்நாட்டுக்கு நகர்ந்தனர்.

மே 10 அன்று வொர்செஸ்டர், ஃபிளாம்பரோ, என்டர்பிரைஸ் என்னும் மூன்று போர்க்கப்பல்கள் கோட்டைமுன் வந்தன. சமாதானக் கொடியுடன் சென்ற படகை நோக்கிக் கோட்டையிலிருந்து சுட்டனர். பீரங்கித் தாக்குதல் தொடங்கியது. மாலையில் படகுகளில் இறங்கிய மாலுமிகள் அதிக எதிர்ப்பின்றிக் கோட்டையைப் பிடித்தனர். உள்ளே 343 பீப்பாய் வெடிமருந்து இருந்தது. நான்கு மீட்டர் வரை தடித்த சுவர்கள் குண்டுகளுக்கு அசையவில்லை. ஆகவே 27 பீப்பாய் மருந்தை உள்ளிருந்தே வெடிக்கச் செய்து கோட்டையைத் தகர்த்தனர். காவலுக்காகச் சேமித்த மருந்தே கோட்டைக்கு யமனாயிற்று. சரியாக ஒரு மாதம் கழித்து, ஜூன் 10 அன்று, அருகிலுள்ள கிளென் ஷீல் பள்ளத்தாக்கில் கிளர்ச்சியும் அடங்கியது. அங்குள்ள மலை ஒன்று இன்றும் 'ஸ்பானியர் சிகரம்' என்ற பொருள்தரும் கேலிக் பெயரால் வழங்குகிறது.

மீட்டமைப்பு

1911இல் படை அதிகாரி ஜான் மக்ரே-கில்ஸ்ட்ராப் இத்தீவை விலைக்கு வாங்கினார். குலத்தின் முன்னோர் காவல் செய்த கோட்டையை மீண்டும் கட்டி எழுப்பும் பணி அவர் கையில் ஏறத்தாழ 20 ஆண்டுகள் நீடித்து, 1932 ஜூலையில் முறையாக நிறைவடைந்தது. எடின்பரோவின் ஜார்ஜ் மெக்கி வாட்சன் கட்டடக் கலைஞர்; களப்பணியை மேற்பார்த்தவர் ஃபார்க்குவர் மக்ரே. கோட்டை பழைய வடிவில் எப்படி இருந்தது என்பதை ஃபார்க்குவர் கனவில் கண்டு, அதன்படியே கட்டினார் என்ற கதை அங்குப் பரவலாக வழங்குகிறது.

ஆவணங்கள் சொல்வது வேறு. 1714இல் லூயிஸ் பெட்டிட் என்னும் அரசுப் பொறியாளர் கோட்டையை அளந்து வரைந்த படங்கள், மீட்டமைப்பு முடியும் தறுவாயில்தான் வெளிச்சத்துக்கு வந்தன. அதற்குள் சுவர்கள் எழுந்துவிட்டன. அடித்தளம் பழைய தடத்தில் அமைந்திருந்தாலும், மேலே எழுந்த தோற்றம் பெட்டிட்டின் வரைபடங்களோடு பொருந்தவில்லை. ஊகம் தொடங்கும் இடத்தில் மீட்டமைப்பு நிற்க வேண்டும் என்று 1964ஆம் ஆண்டின் வெனிஸ் சாசனம் வகுத்தது. அந்த அளவுகோலில் எய்லன் டோனன் மீட்டமைப்பைவிடப் புதுக்கட்டுமானத்துக்கே நெருக்கமானது. ஆனால் குலத்தலைமையும் குலப்போரும் மறைந்த பிறகு ஒரு குலம் தன் நினைவுக்குக் கல்லில் கொடுத்த உருவம் என்ற வகையில் இது நம்பகமான சான்று. முதல் உலகப் போரில் இறந்த மக்ரேயரின் பெயர்கள் பொறித்த நினைவிடமும் இங்கே இருக்கிறது.

இன்று

1955இல் கோட்டை பொதுமக்களுக்குத் திறக்கப்பட்டது. 1983இல் மக்ரே குடும்பத்தினர் நிறுவிய கான்க்ரா அறக்கட்டளை இதைப் பராமரிக்கிறது. 'ஹைலாண்டர்' (1986), 'குச் குச் ஹோத்தா ஹை' (1998), ஜேம்ஸ் பாண்ட் படமான 'தி வேர்ல்ட் இஸ் நாட் எனஃப்' (1999) ஆகியவற்றில் இக்கோட்டை இடம்பெற்றது. கரையையும் தீவையும் இணைக்கும் மூன்று வளைவுக் கல்பாலம் இல்லாமல் இதன் புகைப்படத்தைக் காண்பது அரிது. அந்தப் பாலமும் மீட்டமைப்பின்போது கட்டியதே. முன்னாளில் காவலர்களும் பகைவர்களும் தீவை அடைய நீரைக் கடந்தே வந்தனர்.