இரைச்சலுக்குள் இருக்கும் பெண்கள்

அமெச்சூர் வானொலிக்காரர்கள் தங்களுக்குள் புழங்கும் சுருக்கச் சொற்களில் ஆண் 'ஓஎம்'. கிழவர் என்று பொருள். பதினைந்து வயதுப் பையனும் ஓஎம்தான். அது மரியாதைச் சொல். பெண் 'ஒய்எல்', அதாவது இளம்பெண். எண்பது வயதிலும் அவள் ஒய்எல்தான். வானொலிக்காரரின் மனைவியோ 'எக்ஸ்ஒய்எல்', முன்னாள் இளம்பெண். மோர்ஸ் காலத்தில் உருவான இச்சொற்கள் இன்றும் வழக்கில் உள்ளன. ஆணை அனுபவத்தாலும் பெண்ணை மணமாகாத வயதாலும் அளக்கும் சமூகத்தின் அகராதி இது.

இந்த அகராதிக்குள் நின்றே பெண்கள் தங்களுக்கென்று இடம் தேடினார்கள். 1939இல் அமெரிக்காவில் எத்தல் ஸ்மித் முன்முயற்சியில் 'யங் லேடீஸ் ரேடியோ லீக்' தொடங்கியது. உரையாடலை முடிக்கும்போது பெண்களுக்கு '88' என்று அனுப்புவது வழக்கம். 'அன்பும் முத்தங்களும்' என்று பொருள். பெண்கள் தங்களுக்குள் பரிமாறிக்கொள்ள '33' என்ற எண்ணை உருவாக்கினார்கள். அதன் பொருள் நட்பால் முத்திரையிட்ட அன்பு.

அதே 1939இல் போர் மூண்டதும் இந்தியாவில் ஆங்கிலேய அரசு அமெச்சூர்களின் ஒலிபரப்பிகளை ஒப்படைக்கச் சொன்னது. மூன்றாண்டுகள் கழித்து, 1942 ஆகஸ்டில், 22 வயது உஷா மேத்தாவும் தோழர்களும் பம்பாயில் தலைமறைவு காங்கிரஸ் வானொலியை நடத்தினார்கள். அதன் ஒலிபரப்பியை உருவாக்க உதவிய நரிமன் பிரிண்டர் ஓர் அமெச்சூர். காவல்துறையிடம் சிக்காமலிருக்க இடம் மாற்றி மாற்றி ஒலிபரப்பினார்கள். நவம்பர் 12 அன்று உஷா கைதானார். நான்காண்டுச் சிறைத் தண்டனை விதிக்கப்பட்டு, 1946இல்தான் வெளியே வந்தார்.

2004 டிசம்பரில் பாரதி பிரசாத் அந்தமான் சென்றிருந்தார். பல ஆண்டுகளாக அமெச்சூர் வானொலிக்கு அனுமதி கிடைக்காதிருந்த தீவு அது. உலகெங்குமுள்ள நிலையங்களோடு தொடர்புகொள்ளப் போனவர், 26ஆம் தேதி சுனாமி வந்து தொலைபேசிகள் செத்துப்போனபோது, போர்ட் பிளேரிலிருந்து தீவில் இருப்பவர்களின் செய்திகளைத் தாய்நிலத்திலுள்ள உறவினர்களுக்குச் சேர்த்துக்கொண்டிருந்தார்.

இவர்கள் இருவரும் குரலால் அறியப்பட்டவர்கள். 2017இல் குரலே தேவைப்படாத முறை ஒன்று வந்தது. ஜோ டெய்லரும் ஸ்டீவ் ஃபிராங்கும் உருவாக்கிய எஃப்டி8 என்ற அந்த டிஜிட்டல் முறை, மிக மெலிந்த சிக்னல்களுக்கானது. அழைப்புக்குறி, இருப்பிடக் கட்டம், சிக்னல் வலு ஆகியவற்றை 77 பிட்டுகளுக்குள் அடக்கி, பிழை திருத்தத்துக்காகக் கூடுதல் பிட்டுகளைச் சேர்த்து 174 ஆக்கி அனுப்புகிறது. ஒவ்வொரு முறைக்கும் 15 வினாடி. 2500 ஹெர்ட்ஸ் அகலத்தில் விழும் இரைச்சலின் ஆற்றலில் நூறில் ஒரு பங்கு மட்டுமே உள்ள சிக்னலையும் கணினி படித்துவிடும். காதுக்கு அங்கே வெறும் இரைச்சல்தான் கேட்கும்.

கிணத்துக்கடவில் இரண்டு தென்னைகளுக்கு நடுவே பத்து மீட்டர் கம்பி கட்டி, உரிமம் பெற்ற பெண்ணொருத்தி 14.074 மெகாஹெர்ட்ஸில் அழைக்கிறாள் என்று வைத்துக்கொள்வோம். மறுமுனையில் தெரிவது அவளுடைய அழைப்புக்குறியும் எம்கே80 என்ற கட்டமும். வடக்கே 11 டிகிரி கோட்டைத் தாண்டிய காந்திபுரம் எம்கே81. அவ்வளவுதான். அவள் ஆணா பெண்ணா, மணமானவளா, யார் வீட்டுப் பெண் என்று எவரும் கேட்க வழியில்லை. வீட்டில் எல்லோரும் தூங்கிய பிறகு, ஒரு சொல்லும் பேசாமல் அவளால் கண்டங்களைத் தாண்ட முடியும். இது விடுதலையா, மறைந்துபோதலா? இரண்டுமே என்றுதான் சொல்ல வேண்டும். பாலினம் தெரியாத இடத்தில் அவமதிப்பு குறைகிறது. ஆனால் பதிவேட்டில் அவள் பெண்ணாக இல்லாததால், நாளைய வரலாறு அந்த அழைப்புக்குறியை இன்னொரு ஓஎம் என்றே எண்ணிக்கொள்ளும்.

இந்த முறையின் பின்னணியிலும் ஒரு பெண் இருக்கிறார். ஜோ டெய்லர் வானியலாளர். 1974இல் ரசல் ஹல்சோடு சேர்ந்து இரட்டைப் பல்சாரைக் கண்டுபிடித்ததற்காக 1993இல் நோபல் பெற்றவர். ஆனால் முதல் பல்சாரைக் கண்டவர் ஜோசலின் பெல். 1967இல் கேம்பிரிட்ஜில் ஆய்வு மாணவியாக இருந்த அவர், தொலைநோக்கியைக் கட்டவும் கைகொடுத்தார். நாளொன்றுக்கு முப்பது மீட்டர் வரைபடத்தாளைக் கண்ணால் படித்தார். அதில் வகைப்படுத்த முடியாத ஒரு சிறு கீறலை விடாமல் தொடர்ந்தார். 1.33 வினாடிக்கு ஒருமுறை துடிக்கும் விண்மீன் அது. பத்திரிகையாளர்கள் அவருடைய காதலர்களைப் பற்றிக் கேட்டார்கள். 1974இல் பல்சாருக்கான நோபல் அவருடைய வழிகாட்டி ஆண்டனி ஹூயிஷுக்குப் போனது. 2018இல் கிடைத்த 30 லட்சம் டாலர் பரிசை, இயற்பியலில் இடம் மறுக்கப்படும் மாணவர்களின் உதவித்தொகைக்கு அவர் கொடுத்துவிட்டார்.

எஃப்டி8 இரைச்சலுக்குள்ளிருந்து சிக்னலை மீட்பதற்குக் காரணம், என்ன வடிவத்தில் செய்தி வரும் என்று அதற்கு முன்பே தெரியும் என்பதுதான். அந்த வடிவத்தில் இல்லாத எதையும் அது படிக்காது. பெல் கண்டதோ எந்த வடிவத்திலும் அடங்காத ஒன்று. பெண்களின் வரலாற்றை எழுதும் நமக்கு இரண்டு வேலையும் உண்டு. உரிமப் பட்டியல்களிலும் வழக்குப் பதிவுகளிலும் தேட வேண்டியதைத் தெரிந்து தேடுவது ஒன்று. பட்டியலில் சேராத கீறல்களைக் குப்பையென்று தள்ளாமல் நின்று பார்ப்பது மற்றொன்று. கோவைப் பக்கத்துப் பெண்களில் எத்தனை பேர் ரேடியோ பழுது பார்த்தார்கள், மோர்ஸ் கற்றார்கள், ஆண்டெனா கட்டினார்கள் என்று கேட்டு எழுத இன்னும் பாட்டிமார்கள் நம்மோடு இருக்கிறார்கள். அந்த வேலையை அவர்கள் இருக்கும்போதே தொடங்க வேண்டும்.