சாத்தனூர் கல்மரம்

சாத்தனூர் கல்மரம் என்பது தமிழ்நாட்டின் பெரம்பலூர் மாவட்டம், ஆலத்தூர் வட்டம், சாத்தனூரில் அமைந்துள்ள மரப் புதைபடிவம் ஆகும். இதன் அடிமரம் 18 மீட்டருக்கும் மேற்பட்ட நீளம் உடையது. இந்தியப் புவியியல் ஆய்வுத் துறை இதனைத் தேசியப் புவியியல் நினைவுச்சின்னமாக அறிவித்துள்ளது.

உருவான விதம்

கிரீத்தேசியக் காலத்தில், ஏறத்தாழ 12 கோடி ஆண்டுகளுக்கு முன், இப்பகுதியைக் கடல் சூழ்ந்தது. கரையோர மரங்கள் ஆறுகளால் அடித்துச் செல்லப்பட்டு, ஆழமற்ற கடலின் அடியில் புதையுண்டன. நீரில் கரைந்திருந்த சிலிக்கா, மரத்தின் திசுக்கள் இருந்த இடத்தை மெல்ல நிரப்பியது. எனவே இன்று காணப்படுவது மரம் அன்று. மரத்தின் வடிவைக் காத்து நிற்கும் கல்லாகும்.

கண்டறிதல்

புவியியலாளர் எம். எஸ். கிருஷ்ணன் 1940-ஆம் ஆண்டு இதனை முதன்முதலில் பதிவு செய்தார்.

பாதுகாப்பு

கல்மரம் வேலியிட்டுப் பாதுகாக்கப்படுகிறது. அண்டையிலுள்ள அரியலூரின் நிலை வேறு. அங்கு, பிற்காலக் கடற்சிப்பிகள் செறிந்த சுண்ணாம்புக்கல்லே சிமெண்ட் ஆலைகளின் மூலப்பொருள் ஆகும். அது வெட்டியெடுக்கப்படும்போது அதிலுள்ள புதைபடிவங்களும் அழிகின்றன. ஒருமுறை அரைக்கப்பட்ட படிவத்தை மீட்க இயலாது. இப்பகுதியின் புதைபடிவங்களைக் காட்சிப்படுத்த அரியலூர் மாவட்டம் வாரணவாசியில் அருங்காட்சியகம் அமைக்கப்பட்டுள்ளது.