கழுத்து நோவுக்குக் கிடைத்த எண்

நோய்க்கு எண்ணிடும் வழக்கம் சாவுக் கணக்கிலிருந்தே தோன்றிற்று. 1893-இல் பிரெஞ்சு அறிஞர் ஜாக் பெர்த்தியோன் சிகாகோவில் அளித்தது மரண காரணங்களின் பட்டியலே. கழுத்து நோவு உயிரைக் கொள்வதில்லை, பிழைப்பைக் கெடுக்கும். ஆதலால் அதற்கு அங்கு இடமில்லை. அந்நாளில் சிங்கப்பூர்ச் சிராங்கூன் சாலையில் டான் டோக் செங் மருத்துவமனை ஏழைகளுக்குப் புகலிடமாய் நின்றது. ஆயினும், மூட்டை சுமந்து கழுத்து நைந்த கூலியாளின் நோவு அப்பட்டியலுக்குப் புறம்பானதே.

1948-இல் உலகச் சுகாதார நிறுவனத்தின் ஆறாம் திருத்தம் சாவோடு பிணியையும் சேர்த்து வகுத்தது. 1990-இல் ஏற்கப்பட்ட பத்தாம் திருத்தத்தில், 'எம்' என்னும் எழுத்தின்கீழ், முதுகெலும்புத் தேய்வு 47, கழுத்து வட்டுக் கோளாறு 50, கழுத்துவலி 54.2 எனப் பிரிந்தன. அதன் ஆஸ்திரேலியப் பதிப்பு 2012-இல் சிங்கப்பூர் மருத்துவமனைகளில் நடைமுறைக்கு வந்தது.

இவ்வாறு பகுத்தல் தமிழர்க்குப் புதிதன்று. யூகி முனிவர் பெயரால் வழங்கும் சித்த மருத்துவ நூல் வாதநோயை எண்பதாக வகுத்தது. கழுத்தையும் தோளையும் பற்றும் ஒன்றைச் சகனவாதம் என்றது. பதினோராம் திருத்தத்தில் சித்த மருத்துவ நோய்களுக்கும் குறியீடு வகுக்கப்பெற்று, 2024 சனவரியில் தில்லியில் வெளியிடப்பட்டது.

எண் நோவைத் தீர்க்காது. ஆயினும் ஏட்டில் ஏறாத நோவுக்கு மருத்துவமும் பொருளும் ஒதுக்குவார் யார்?