பீரோ

துணிமணி, நகை, பணம், பத்திரம் ஆகியவற்றைப் பூட்டி வைக்க உதவும், தட்டுகளும் இரட்டைக் கதவும் கொண்ட இரும்பு அலமாரி. தமிழ்நாட்டு வீடுகளில் இது பரவலானது 20-ஆம் நூற்றாண்டின் பிற்பாதியில்.

அதற்கு முன் பொருள் வைக்கும் இடம் பெரும்பாலும் வீட்டோடு சேர்ந்தே இருந்தது. விளக்குக்கும் சிறு சாமான்களுக்கும் சுவரில் மாடக்குழி, பெரிய பாத்திரங்களுக்குப் பரண், பூனைக்கு எட்டாமல் தயிர்ப்பானை தொங்க உறி, நெல்லுக்குக் குதிர் அல்லது பத்தாயம். விலையுள்ளவை மரப்பெட்டிக்குள் போயின. செட்டிநாட்டில் பர்மா தேக்கில் செய்த கனத்த பெட்டகங்களை இன்றும் பார்க்கலாம். காரைக்குடியின் பழம்பொருள் கடைகளுக்கு அவை வந்து சேர்கின்றன. யாழ்ப்பாணத்து வீடுகளிலும் பெட்டகம் இருந்தது. ஆனால் பெட்டி மேல்பக்கம் திறப்பது. அடியில் கிடக்கும் ஒரு சேலைக்காக மேலிருப்பதையெல்லாம் அள்ளி வெளியே வைக்க வேண்டும். முன்பக்கம் திறக்கும் மர அலமாரி இந்தத் தொல்லையைத் தீர்த்தது. அலமாரி என்ற சொல்லே போர்த்துகீசியர் வழி வந்ததுதான். எனினும் தேக்கு அலமாரி வசதி படைத்தோர் வீட்டோடு நின்றது. மட்டமான மரத்தைக் கரையான் விட்டுவைக்கவில்லை.

கரையான், எலி, திருடன் மூன்றுக்கும் சேர்த்து விடை சொன்னது இரும்புத் தகடு. வழக்கறிஞர் தொழிலை விட்டு 1897-இல் பம்பாயில் பூட்டு செய்யத் தொடங்கிய அர்தேஷிர் கோத்ரெஜ், அடுத்துப் பணப்பெட்டகங்களைச் செய்தார். அவருடைய நிறுவனம் 1923-இல் இரும்பு அலமாரித் தயாரிப்பில் இறங்கியது. பூட்டிலும் பெட்டகத்திலும் பெற்ற பெயர் அலமாரிக்கும் கைகொடுத்தது. எந்தப் பட்டறையில் செய்ததானாலும் ‘கோத்ரெஜ் பீரோ’ என்றே சொல்லும் வழக்கம் நம் ஊர்களில் அப்படி வந்ததுதான்.

தமிழகத்தில் இதை வீட்டுக்கு வீடு கொண்டு சேர்த்த பெருமை, என் கணிப்பில், உள்ளூர் பீரோ பட்டறைகளுக்கே உரியது. தகட்டை வெட்டி, விளிம்பை மடித்து, வெல்டிங் வைத்து, பட்டி பார்த்து, பெயின்ட் அடித்து, ஆறரை அடி உயரமும் மூன்றடி அகலமுமாக நிறுத்துவார்கள். கைப்பிடியைத் திருகினால் உள்ளிருக்கும் கம்பிகள் மேலும் கீழும் நீண்டு சட்டத்தில் மாட்டிக்கொள்ளும். சாவி அந்தக் கைப்பிடியைப் பூட்டுகிறது. உள்ளே தனிச் சாவியோடு ஒரு லாக்கர். சிலவற்றில் அதற்குள்ளும் ஒரு ரகசிய அறை. கதவில் ஆளுயரக் கண்ணாடி பதித்தால் விலை கூடும். அரசு அலுவலகங்களுக்கும் பள்ளிகளுக்கும் தமிழ்நாடு சிறுதொழில் கழகமான டான்சி இரும்பு அலமாரிகளைச் செய்து தந்தது.

கட்டிலும் பீரோவும் சீர்வரிசையில் நிலையான இடம் பிடித்தன. ஊர் பார்க்க வண்டியில் ஏற்றிவரும் அந்தப் பீரோ பல பெண்களுக்குத் தமக்கென்று ஒரு சாவியைத் தந்தது. அதை வாங்கித் தர முடியாத பெற்றோரைக் கடனிலும் தள்ளியது. இரண்டையும் சேர்த்தே பதிவு செய்ய வேண்டும்.

உள்ளடுக்கு வீட்டுக்கு வீடு அதிகம் மாறுவதில்லை. மேல்தட்டில் எப்போதாவது எடுப்பவை, கண்ணெதிரே பட்டும் நல்ல துணியும், லாக்கரில் நகை, அடித்தட்டில் போர்வை. பட்டுச்சேலைக்கு நடுவே அந்துருண்டையை நேராக வைத்தால் சரிகை கறுக்கக்கூடும். வெள்ளை வேட்டித் துணியில் சேலையைச் சுற்றி, சில மாதங்களுக்கு ஒருமுறை மடிப்பை மாற்றி வைப்பதே பழகிய முறை. மடிப்பு ஒரே இடத்தில் நின்றால் சரிகை அங்கே இற்றுப்போகும். பீரோவின் கால்கள் தரை கழுவும் நீரில் துருப்பிடிப்பதால் அடியில் மரக்கட்டை கொடுப்பார்கள். வாஸ்து பார்ப்பவர்கள் தென்மேற்கு மூலையில் வடக்கு நோக்கி நிறுத்துகிறார்கள். எந்த மூலையானாலும் ஜன்னலை ஒட்டி வைக்கக் கூடாது. வெளியிலிருந்தே கம்பியால் இழுத்துத் திறந்து நகையைத் திருடும் கும்பல்களைப் பற்றி வந்த செய்திகளில் ‘பீரோ புல்லிங்’ என்ற பெயரே நிலைத்துவிட்டது.

இப்போது சேமிப்பிடம் மறுபடி சுவருக்குள் போகிறது. கடப்பா கல் பலகை பதித்த செல்ஃப், அதற்கு மேல் லாஃப்ட், பிறகு பிளைவுட் கதவு, பிவிசி கதவு என்று ஒவ்வொன்றாக வந்தன. ஈரம் படும் சமையலறைக்கு ஐ.எஸ். 710 தரப் பிளைவுட் ஏற்றது, மலிவான ஐ.எஸ். 303 சாதாரணப் பலகை உலர்ந்த அறைக்குப் போதும். அறையின் இடத்தை அடைக்காதது இவற்றின் நன்மை. வீடு மாறும்போது கூடவே கொண்டுபோக முடியாததால், வாடகை வீட்டுக்காரர்கள் பீரோவை இன்னும் கைவிடவில்லை.

2015 டிசம்பர் வெள்ளத்தில் சென்னையிலும் கடலூரிலும் வீட்டுக்குள் புகுந்த நீர் பீரோக்களையும் நனைத்தது. இழந்த ஆவணங்களுக்கு நகல் தர அரசு சிறப்பு முகாம்கள் நடத்த வேண்டி வந்தது. இரும்புக் கதவு தண்ணீரைத் தடுக்காது. பத்திரம், பட்டா, சான்றிதழ்களை நீர் புகாத உறையில் போட்டு மேல்தட்டில் வையுங்கள்.