எரிந்த ஏடுகளும் எஞ்சிய ஏடுகளும்



மதரஸாவில் ஓதிக்கொண்டே பட்டப்படிப்பும் படிக்கும் மாணவர் ஒருவர், ஐரோப்பியக் கலை வரலாற்று நூலொன்றைக் கொண்டு வந்து காட்டினார். ரஃபேல் 1509க்கும் 1511க்கும் இடையில் வத்திக்கான் அரண்மனைச் சுவரில் தீட்டிய ‘ஏதென்ஸ் கலைக்கூடம்’ அதில் இருந்தது. கிரேக்க ஞானியர் நடுவே தலைப்பாகை அணிந்த ஒருவர். “உஸ்தாத், இவர் இப்னு ருஷ்த் என்கிறார்கள். நாம் ஓதும் ‘பிதாயத்துல் முஜ்தஹித்’ கிதாபை எழுதியவரும் இவரும் ஒருவர்தாமா?” என்று கேட்டார். ஒருவரே. மத்ஹபுகளின் கருத்து வேறுபாடுகளை ஆராய்ந்த அந்தக் காழி, வத்திக்கான் சுவரை அடைந்தது எவ்வாறு?

டொலேடோ நகரை நம் முன்னோர் துலைத்துலா என்று அழைத்தனர். அது 1085இல் முஸ்லிம்களின் கையை விட்டுப் போயிற்று. ஆனால் அங்கிருந்த அரபு நூல்கள் எஞ்சின. அடுத்த நூற்றாண்டில் இத்தாலியின் கிரெமோனா ஊரைச் சேர்ந்த ஜெரார்டு, தாலமியின் வானியல் நூலைத் தேடி அங்கு வந்தார். அது அரபியில் இருந்ததால் அரபு மொழியைக் கற்றார். 1187இல் இறப்பதற்குள் எழுபது நூல்கள் வரை லத்தீனில் பெயர்த்தார். அவற்றுள் ஒன்றான இப்னு சீனாவின் ‘அல்கானூன் ஃபித் திப்’, 17ஆம் நூற்றாண்டு வரை ஐரோப்பியப் பல்கலைக்கழகங்களில் மருத்துவப் பாடநூலாக இருந்தது.

கலைத்துறையிலும் இவ்வாறே. பஸ்ராவில் பிறந்த இப்னுல் ஹைஸம், கண்ணிலிருந்து கதிர் புறப்படுவதால் பார்வை உண்டாகிறது என்ற பழைய கருத்தை மறுத்து, பொருளிலிருந்து ஒளி கண்ணை அடைவதாலேயே நாம் காண்கிறோம் என்று ‘கிதாபுல் மனாழிர்’ நூலில் விளக்கினார். அது லத்தீனுக்கும் பின்னர் இத்தாலிய மொழிக்கும் சென்றது. ஃபுளோரன்ஸ் நகரில் புகழ்பெற்ற வெண்கலக் கதவுகளை வார்த்த சிற்பி லொரென்சோ கிபெர்த்தி, தமது கலைநூலில் அதிலிருந்து நிறையவே எடுத்தாண்டார்.

இவற்றைக் கூறாமல் கிரேக்கத்திலிருந்து நேரே மறுமலர்ச்சிக்குத் தாவும் நூல்கள் குறையுடையவை. அதேபோல், ஐரோப்பாவுக்கு எல்லாம் கொடுத்தவர் நாமே என்று மேடையில் முழங்குவதும் குறையுடையதே. பக்தாதில் கிரேக்க மருத்துவ நூல்களை அரபியாக்கிய ஹுனைன் இப்னு இஸ்ஹாக் ஒரு கிறிஸ்தவர். நாமும் பிறரிடம் பெற்றே வளர்த்தோம். அவர்களும் பெற்றதைத் தம் உழைப்பால் வளர்த்தனர்.

கிரனாடா 1492இல் வீழ்ந்தது. 1499இல் அங்கு வந்த பேராயர் சிஸ்னெரோஸின் ஆணைப்படி அரபு நூல்கள் சதுக்கத்தில் குவித்து எரிக்கப்பட்டன. மருத்துவ நூல்கள் மட்டும் விலக்கி வைக்கப்பட்டன. அவர் நூல்கள் பெயர்க்கப்பட்ட அதே டொலேடோவின் பேராயர். இக்கொடுமையை நாம் மறப்பதில்லை. ஆயின், சொல்லத் தயங்கும் இன்னொரு செய்தியும் உண்டு. 1195இல் முவஹ்ஹிதுகளின் கலீஃபா அல்மன்ஸூர், இப்னு ருஷ்தை நாடு கடத்தி, அவருடைய தத்துவ நூல்களை எரிக்க ஆணையிட்டார். பின்னர் மன்னிப்பு வழங்கப்பட்டது. 1198இல் மர்ராகிஷில் அவர் வஃபாத்தானார். ஆன்மா பற்றிய அரிஸ்டாட்டிலின் நூலுக்கு அவர் எழுதிய பெருவிரிவுரையின் அரபு மூலம் முழுமையாக இன்று இல்லை. லத்தீன் மொழிபெயர்ப்பே அதை நமக்குக் காத்துத் தந்தது.

அவருடைய தத்துவக் கருத்துகள் அனைத்தையும் ஏற்க வேண்டியதில்லை. இமாம் கஸ்ஸாலி (ரஹ்) அவர்கள் தத்துவவாதிகளை மறுத்தது, அவர்களின் நூல்களை நன்கு கற்ற பின்னரே. மறுப்பதற்கும் நூல் இருந்தாக வேண்டும்.

ஆகவே அம்மாணவரிடம், அந்த நூலை முழுவதும் படியுங்கள், அதில் விடுபட்டதையும் தேடிப் படியுங்கள் என்றேன். ஜெரார்டு ஒரே ஒரு நூலுக்காக அந்நிய மொழியொன்றைக் கற்றார். சிறு வயது முதல் அரபி எழுத்தை ஓதும் நம் வீடுகளில், பொருள் விளங்கி ஒரு பக்கம் வாசிக்கக் கூடியோர் எத்தனை பேர்? பெருமை பேசும் முன், ஒவ்வொரு குடும்பமும் தன்னைக் கேட்டுக்கொள்ள வேண்டிய கேள்வி இது.

வல்ல அல்லாஹ் நமக்கும் நம் சந்ததியினருக்கும் பயன்தரும் கல்வியை வழங்குவானாக. ஆமீன்.