சிறார் விபத்து இழப்பீடு (இந்தியா)
சாலை விபத்தில் ஊனமுற்ற சிறாருக்காகப் பெற்றோரோ காப்பாளரோ 1988ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டத்தின் 166ஆம் பிரிவின்கீழ் இழப்பீட்டுத் தீர்ப்பாயத்தில் மனுச் செய்யலாம். சிக்கல் கணக்கில்தான். சம்பாதிக்காதவருக்கு ஆண்டு வருமானம் 15,000 ரூபாய் எனச் சட்டத்தின் இரண்டாம் அட்டவணை 1994இல் வைத்த கற்பிதத் தொகையே நெடுங்காலம் சிறாருக்கும் அளவுகோலாயிற்று. வாழ்நாள் ஊனத்துக்கு அது சிறிதும் ஈடாகாது. 12 வயதில் முற்றிலும் செயலிழந்த ஒரு சிறுமியின் வழக்கில் 2020இல் உச்ச நீதிமன்றம், திறன்பெற்ற தொழிலாளியின் குறைந்தபட்சக் கூலியை அடிப்படையாக்கி, எதிர்கால உயர்வுக்கு 40 விழுக்காடு சேர்த்து, அந்த ஆண்டு வருமானத்தை 18 என்ற பெருக்கியால் பெருக்கியது. உடனிருந்து பராமரிப்போரின் செலவுக்கும் அதே பெருக்கிதான். இதுவே நியாயமான வழி.

குழந்தையின் வருங்கால வருமானம் வெறும் ஊகம் என்று ஆட்சேபிப்பதுண்டு. 15,000 ரூபாயும் ஊகம்தான். பள்ளிக்குச் செல்லும் பிள்ளை வளர்ந்தபின் குறைந்தபட்சக் கூலிகூட ஈட்டாது என்பது அதைவிட நம்பத்தகாதது. பராமரிப்புச் செலவோ ஊகமே அன்று. மாதந்தோறும் வருவது அது. பெற்றோர் மூப்படைந்தபின் சம்பளத்துக்கு ஆள் வைத்தே ஆகவேண்டும்.