கே. எஸ். திம்மய்யா

ஜெனரல் கொடந்தேரா சுபய்யா திம்மய்யா (31 மார்ச் 1906 – 18 டிசம்பர் 1965) 1957 முதல் 1961 வரை இந்தியத் தரைப்படையின் தலைமைத் தளபதியாக இருந்தவர். குடகு நாட்டைச் சேர்ந்தவர். 1948இல் சோஜி லா கணவாயை மீட்ட படை நடவடிக்கைக்குத் தலைமை தாங்கினார். கொரியப் போர் முடிந்தபின் போர்க்கைதிகள் பிரச்சினையைத் தீர்க்க அமைந்த நடுநிலை நாடுகள் ஆணையத்தின் தலைவராகவும், சைப்ரசில் ஐ.நா. அமைதிப்படையின் தளபதியாகவும் பணியாற்றினார். படையினர் இவரை அன்போடு ‘திம்மி’ என்று அழைத்தனர்.

இளமையும் கல்வியும்

மடிகேரியில் காப்பித் தோட்டக் குடும்பம் ஒன்றில் பிறந்தார். குன்னூர் செயின்ட் ஜோசப் பள்ளியிலும் பெங்களூர் பிஷப் காட்டன் பள்ளியிலும் படித்தபின், டேராடூன் இராணுவக் கல்லூரியில் சேர்ந்தார். அங்கிருந்து இங்கிலாந்தின் சாண்ட்ஹர்ஸ்ட் இராணுவக் கல்லூரிக்குத் தேர்வாகி, 1926இல் அதிகாரியாக வெளிவந்தார். 19ஆம் ஐதராபாத் ரெஜிமென்டின் நான்காம் பட்டாலியன் இவருடைய தாய்ப் படைப்பிரிவாயிற்று. இன்று அது குமாவோன் ரெஜிமென்டைச் சேர்ந்தது. ஈராக்கிலும் வடமேற்கு எல்லையிலும் பணி செய்தார். நீனா காரியப்பாவை மணந்தார்.

பர்மாப் போர்முனை

இரண்டாம் உலகப் போரில் அரக்கான் பகுதியில் போரிட்ட 51ஆம் பிரிகேடில் மூன்று பட்டாலியன்களுக்கும் இந்தியர்களே தளபதிகளாக இருந்தனர். திம்மய்யா, எஸ். பி. பி. தோரட், எல். பி. சென் ஆகியோரே அந்த மூவர். படையணியை நடத்த இந்தியரால் ஆகுமா என்ற பிரிட்டிஷ் ஐயத்துக்கு 1945 தொடக்கத்தில் காங்கா என்னுமிடத்தில் நடந்த கடும் சண்டை விடை சொன்னது. மூவருக்கும் டி.எஸ்.ஓ. என்னும் உயர்ந்த போர் விருது கிடைத்தது. திம்மய்யா ஜப்பானியரோடு போரிட்ட அதே காலத்தில், இவருடைய அண்ணன் பொன்னப்பா சிங்கப்பூரில் சிறைப்பட்டு, பின்னர் இந்திய தேசிய இராணுவத்தில் சேர்ந்திருந்தார். போர் முடிந்ததும் திம்மய்யா 268ஆம் பிரிகேடின் தளபதியாக ஜப்பானுக்குச் சென்றார்.

காஷ்மீரும் சோஜி லாவும்

பாகிஸ்தானுடனான காஷ்மீர்ப் போரின்போது, 1948இல் மேஜர் ஜெனரலாக, ஸ்ரீநகரைத் தலைமையிடமாகக் கொண்ட படை டிவிஷனின் பொறுப்பை ஏற்றார். லடாக்கின் தலைநகர் லே அப்போது வீழும் நிலையில் இருந்தது. தரைவழி அடைபட்டிருந்ததால் வான்வழி ஒன்றே மிச்சம். விமானப்படையின் மெஹர் சிங் ஓட்டிய டகோட்டா விமானத்தில் திம்மய்யாவும் ஏறினார். வரைபடத் துணையின்றி இமயமலைத் தொடர்களைத் தாண்டி, 10,000 அடிக்கும் மேற்பட்ட உயரத்தில் சோனம் நோர்பு என்ற லடாக்கியப் பொறியாளர் சமப்படுத்தி வைத்திருந்த மணற்பாங்கான ஓடுதளத்தில் அந்த விமானம் இறங்கியது. லேயைக் காக்கத் துருப்புகள் பறந்து செல்ல அந்தப் பயணமே வழி திறந்தது.

ஆனால் லடாக் நிலைக்க வேண்டுமானால் சாலை வேண்டும். சாலையின் வாயில் சோஜி லா. செப்டம்பரில் காலாட்படை நடத்திய தாக்குதல், பாறை இடுக்குகளில் மறைந்திருந்த இயந்திரத் துப்பாக்கிகளின் முன் பலிக்கவில்லை. 11,500 அடி உயரத்துக்கு டாங்கிகளைக் கொண்டுபோவது என்று திம்மய்யா முடிவெடுத்தார். உலகில் அதற்குமுன் அவ்வளவு உயரத்தில் டாங்கிகள் போரிட்டதில்லை.

7ஆம் குதிரைப்படையின் ஸ்டூவர்ட் இலகு டாங்கிகளின் மேற்கூண்டுகள் கழற்றப்பட்டன. பாலங்கள் தாங்குவதற்கும் எதிரி அறியாதிருப்பதற்குமாகச் செய்த ஏற்பாடு அது. அவை தார்ப்பாய் போர்த்தி, ஊரடங்குக்கு இடையே ஸ்ரீநகரைக் கடந்தன. பால்தாலிலிருந்து கணவாய் வரை, கோவேறு கழுதைகள் மட்டுமே ஏறிய ஒற்றையடித் தடத்தை டாங்கி ஏறும் வழியாக மதராஸ் சாப்பர்ஸ் பொறியியல் படையினர் அகலப்படுத்தினர். எதிரியின் குண்டுகளுக்கு இடையிலும் அவர்களுடைய வேலை நடந்தது. பனி பெய்துகொண்டிருந்த 1948 நவம்பர் 1 அன்று டாங்கிகள் கணவாயில் நுழைந்தன. டிவிஷன் தளபதியான திம்மய்யாவும் ஒரு டாங்கியில் ஏறி முன்வரிசையோடு சென்றார். எதிர்பாராத இத்தாக்குதலில் எதிரணியின் அரண்கள் சரிந்தன. அம்மாதமே திராஸும் கார்கிலும் மீண்டன. லேயோடு தரைத்தொடர்பு ஏற்பட்டது.

கொரியாவில் நடுவர்

1953இல் கொரியாவில் போர்நிறுத்தம் வந்தபோது, தாய்நாடு திரும்ப மறுத்த கைதிகளின் கதி தீராத சிக்கலாக நின்றது. ஐ.நா. தரப்பின் வசமிருந்த சீனர், வடகொரியர் 22,000க்கும் மேற்பட்டோர். மறுதரப்பின் வசம் 359 பேர். இவர்களின் விருப்பத்தை அறிந்து முடிவு செய்ய இந்தியா, சுவீடன், சுவிட்சர்லாந்து, போலந்து, செக்கோஸ்லோவாக்கியா ஆகிய ஐந்து நாடுகளின் ஆணையம் அமைந்தது. திம்மய்யா அதன் தலைவரானார். கைதிகளைக் காவல் காத்த இந்தியப் படைக்கு, அரக்கானில் இவருடன் போரிட்ட தோரட் தளபதியாக இருந்தார்.

இந்திய வீரர்கள் தன் மண்ணில் கால்வைக்கக் கூடாது என்று தென்கொரிய அதிபர் சிங்மன் ரீ தடுத்துவிட்டார். எனவே அவர்கள் கப்பலிலிருந்து ஹெலிகாப்டர்களில் ஏற்றப்பட்டு, படைவிலக்கப் பகுதியில் இறக்கப்பட்டனர். ஆணையத்துக்குள் இரு நாடுகள் ஒரு பக்கமும் இரு நாடுகள் மறுபக்கமும் நிற்க, தலைவரின் வாக்கே பல வேளைகளில் முடிவைத் தீர்மானித்தது. கைதிகளை வற்புறுத்தி விசாரணைக்கு இழுத்துவரக் கூடாது என்பதில் திம்மய்யா உறுதியாக இருந்தார். இரு தரப்பும் இவரைக் குறை கூறின. எந்த நாட்டுக்கும் போக விரும்பாத கைதிகள் எண்பதுக்கும் மேற்பட்டோர் இறுதியில் இந்தியப் படையோடு இந்தியா வந்தனர். 1954இல் இவருக்குப் பத்மபூஷண் விருது வழங்கப்பட்டது.

தலைமைத் தளபதி

1957 மே மாதம் தலைமைத் தளபதியானார். அதே ஆண்டு பாதுகாப்பு அமைச்சரான வி. கே. கிருஷ்ண மேனனுடன் கருத்து வேறுபாடுகள் முற்றின. மூத்த அதிகாரிகளின் பதவி உயர்வில் அமைச்சர் தலையிடுவதையும், தளபதிகளின் ஆலோசனை புறக்கணிக்கப்படுவதையும் இவரால் ஏற்க முடியவில்லை. 1959 ஆகஸ்ட் 31 அன்று பதவி விலகல் கடிதம் அளித்தார். பிரதமர் நேரு வற்புறுத்தியதால் அதைத் திரும்பப் பெற்றார். செய்தி ஏடுகளில் வெளியாகிவிட, நாடாளுமன்றத்தில் நேரு இவருடைய செயலைக் கண்டித்துப் பேசினார். இவர் எழுப்பிய குறைகளோ தீராமலே இருந்தன. 1961 மே மாதம் ஓய்வு பெற்றார்.

1962 ஜூலையில் ‘செமினார்’ இதழில் எழுதிய கட்டுரையில், சீனாவை இந்தியா தனித்து நேரடிப் போரில் எதிர்கொள்வது இயலாது என்று ஒளிவுமறைவின்றிக் கூறினார். மூன்று மாதங்களில் போர் மூண்டது. தோல்வியைத் தொடர்ந்து மேனன் பதவி விலக நேர்ந்தது.

சைப்ரஸும் மறைவும்

கிரேக்க, துருக்கியச் சமூகங்களுக்கிடையே கலவரம் நிலவிய சைப்ரசில் 1964 ஜூலையில் ஐ.நா. அமைதிப்படையின் தளபதியானார். பணியில் இருந்தபோதே 1965 டிசம்பர் 18 அன்று நிகோசியாவில் மாரடைப்பால் காலமானார். உடல் பெங்களூருக்குக் கொண்டுவரப்பட்டு அடக்கம் செய்யப்பட்டது. 1966இல் சைப்ரஸ் அரசு இவர் நினைவாக அஞ்சல்தலை வெளியிட்டது. மடிகேரியில் இவர் வாழ்ந்த ‘சன்னி சைட்’ இல்லம் 2021 முதல் அருங்காட்சியகமாக உள்ளது.

மதிப்பீடு

போர்த்திறனுக்கு நிகராக, பகைத்து நிற்கும் இரு தரப்பும் நம்பிப் பொறுப்பை ஒப்படைக்கும் நேர்மை திம்மய்யாவிடம் இருந்தது. பதவி விலகலைத் திரும்பப் பெற்றது சரியா என்ற விவாதம் இன்றும் தொடர்கிறது. எனினும், இராணுவம் மக்களாட்சிக்குக் கட்டுப்பட்டது என்பதை இவர் ஒருபோதும் மீறவில்லை. கட்டுப்படும் தளபதியின் தொழில் அறிவுக்கு அரசு செவிகொடுக்க வேண்டும் என்பதே இவருடைய கோரிக்கை. அது எவ்வளவு நியாயமானது என்பதை 1962 காட்டிவிட்டது.